நூறு பேர் எடுத்த ஒரு படம்

காந்தியைக் கேமராக்கள் விடாமல் துரத்தின. 1930இல் உப்பு சத்தியாகிரகம், 1931இல் லண்டன் வட்டமேசை மாநாடு, அதே பயணத்தில் லங்காஷயர் ஆலைத் தொழிலாளர்களுடன் சந்திப்பு என்று செய்திப்பட நிறுவனங்கள் படம் பிடித்துத் தள்ளின. செய்தி பழசானதும் சுருள் தகர டப்பாவுக்குள் போய்விடும். அப்படி மூடிய டப்பாக்கள் நாடு நாடாகச் சிதறிக் கிடந்தன.

1937 அக்டோபர் 2, காந்தி பிறந்தநாள். நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தார் கோட்டையூர் ஏ.கே. செட்டியார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்ற அவருக்கு அப்போது வயது இருபத்தைந்து. இந்தச் சுருள்களையெல்லாம் திரட்டிக் காந்தியின் வாழ்க்கையை ஒரே படமாக்கினால் என்ன என்ற யோசனை அங்கேதான் பிறந்தது.

யோசனை ஒரு நாளில் வந்தது. வேலை ஆண்டுக்கணக்கில் நீண்டது. பழைய படம் தேடுகிறவர் முதலில் பட்டியலைப் புரட்ட வேண்டும். தேதியும் இடமும் பொருந்துகிறதா என்று சுருளைப் போட்டுப் பார்க்க வேண்டும். பிறகுதான் உரிமைப் பேச்சு, நெகடிவிலிருந்து பிரதி. அக்காலத்து நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பிடிக்கும் சரக்கு. பேசாப்படக் காலத்தில் மெதுவாகச் சுழற்றி எடுத்த காட்சியை, பேசும்பட வேகத்தில் ஓட்டினால் மனிதர்கள் ஓட்டமும் நடையுமாகத் தெரிவார்கள்.

செட்டியார் சுமார் ஒரு லட்சம் மைல் அலைந்தார். முப்பது ஆண்டுகளில் ஏறத்தாழ நூறு பேர் எடுத்திருந்த காட்சிகளில் 50,000 அடி சேர்ந்தது. முழுவதையும் ஓட்டிப் பார்க்கவே ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஆகும். அதை 12,000 அடியாகச் சுருக்கித் தமிழ் விவரிப்புடன் 1940 ஆகஸ்டில் வெளியிட்டார். தெலுங்கிலும் வந்தது. போர்க்காலம், அரசு பறிமுதல் செய்யக்கூடும் என்ற அச்சத்தில் சுருள்கள் பதுங்க வேண்டியதாயிற்று. விடுதலையை ஒட்டி இந்தி விவரிப்புடன் மீண்டும் திரைக்கு வந்தன. 1953இல் அமெரிக்காவில் ஆங்கிலப் படமாக மாறியபோது, குவென்டின் ரெனால்ட்ஸ் என்ற பத்திரிகையாளரின் குரல் ஏறியது.

அதன் பிறகு படம் காணாமல் போனது. தேடிச் சேர்த்தவரின் படத்தையே தேட வேண்டிய நிலை. வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி தேடியபோது, சான்பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கிடைத்தது ஆங்கில வடிவம்தான். தமிழ் முழுப்படம் அகப்படவில்லை.

ஏதோ ஒரு படக் கிடங்கில் யாரோ ஓர் எழுத்தர் டப்பாவின்மேல் தேதி எழுதி அடுக்கி வைத்ததால்தான் இப்படிப்பட்ட தேடலே சாத்தியமாகிறது. 1940இல் செட்டியார் தம் படத்தை ஒப்படைக்க இந்தியாவில் அப்படி ஒரு கிடங்கு இல்லை. புனேயில் தேசியத் திரைப்படக் காப்பகம் வந்தது 1964இல். ஒரு தனிமனிதரால் உலகையே சுற்றிப் படம் சேர்த்துவிட முடியும். சேர்த்ததை அடுத்த தலைமுறைக்குக் காப்பது தனிமனிதர் வேலை அல்ல.