ஒழுங்கை சாஸ்திரம்

யாழ்ப்பாணக் குடாநாட்டின் கிராமமொன்றினுள் முதன்முறையாகப் பிரவேசிக்கும் வெளியூரார், இருமருங்கும் ஆளுயரத்துக்கு மேலெழுந்து நிற்கும் கிடுகு வேலிகளுக்கும் பனையோலை வேலிகளுக்கும் நடுவே, மூன்றாவது முடக்கைக் கடக்குமுன்னரே தாம் வந்த திசையை மறந்துவிடுவார். அவ்வழிக்கு நம் முன்னோர் இட்ட பெயரோ 'ஒழுங்கை'. ஒழுங்கு என்னும் சொல்லின் சாயலைப் பெயரிலே சுமந்துகொண்டு இத்துணை ஒழுங்கீனமாக ஓடும் வஸ்து வேறொன்று உண்டோ என நான் வியப்பதுண்டு. மந்திரத்துக்கும் சோதிடத்துக்கும் சாஸ்திரம் இருக்கும்போது, இச்சிக்கலின் விசித்திரங்களை ஆராய 'ஒழுங்கை சாஸ்திரம்' என்றொரு துறை இருத்தல் வேண்டுமென்பது என் நெடுநாள் அபிப்பிராயம். எந்தச் சர்வகலாசாலையும் அதற்கோர் ஆசனம் அமைக்கக் காணாமையால், முதற் பாடத்தை நானே எழுதத் துணிகிறேன்.

நேர்வழி இந்நாட்டார் அறியாததன்று. 1658இல் போர்த்துக்கீசரிடமிருந்து யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றிய ஒல்லாந்தர், ஐங்கோணக் கோட்டைக்குக் கிழக்கே தம் நகரத்தை நூல்பிடித்தாற்போன்ற தெருக்களால் வகுத்தனர். முதலாம் குறுக்குத் தெரு, இரண்டாம் குறுக்குத் தெரு என எண்ணிட்டழைக்கும் வழக்கம் இன்றும் அங்கே நிலவுகின்றது. ஆயினும் அந்த நூல் கிராமத்தின் வாயிலிலேயே அறுந்துபோயிற்று. ஊருக்குள்ளே வழியை வகுத்தது கலியாணமே.

இதற்குச் சான்று வேண்டுவோர் தேசவழமையைப் புரட்டிப் பார்க்கலாம். தேசாதிபதி கொர்னேலிஸ் யோன் சிமோன்ஸின் ஆணைப்படி, இம்மக்களிடையே முப்பத்தேழு ஆண்டு பழகிய கிளாஸ் ஐசாக்ஸ் என்னும் ஒல்லாந்த அதிகாரி இங்குள்ள வழக்காறுகளைத் தொகுத்து 1707இல் நிறைவேற்ற, அது தமிழில் பெயர்க்கப்பட்டுப் பன்னிரண்டு முதலிமாரின் பார்வைக்கு வைக்கப்பட்டது. ஆங்கிலேயர் 1806இல் அதற்குச் சட்ட வலு அளித்தனர். முதுசம், சீதனம், தேடிய தேட்டம் எனச் சொத்தை வகுத்த அந்நூல், பெண்மக்களுக்குச் சீதனம் கொடுத்துக் கரையேற்றும் வரையில் ஆண்மக்கள் தம் உழைப்பைக் குடும்பத்துக்கே ஒப்புவிக்கவேண்டுமென்றும் விதித்தது. காணி விற்பவர் உடன்பங்காளிக்கும் ஒற்றி பிடித்த அயலவருக்கும் முதலில் அறிவிக்கவேண்டுமென்றும் அது விதித்தது. ஒல்லாந்தர் காலத்தில் விற்பனையை அடுத்தடுத்து மூன்று ஞாயிற்றுக்கிழமைகளில் கோவிற்பற்றுத் தேவாலயத்திலே கூறவேண்டியும் இருந்தது. திருநீற்றை வீட்டோடு வைத்துவிட்டுக் காணிச் செய்தி கேட்கத் தேவாலயம் சென்ற சைவர் எத்தனை பேரோ! அந்நியர் கைக்குக் காணி எளிதிற் போகாமையால் சிக்கல் உறவினருக்குள்ளேயே முற்றியது.

பதினாறு பரப்பு ஓர் ஏக்கர். எட்டுப் பரப்பு வளவுடைய ஒருவருக்குப் பெண்கள் நால்வர் என்று வைத்துக்கொள்வோம். மூத்தவளுக்குத் தெருப்பக்கம் இரண்டு பரப்பு. அடுத்தவளுக்கு அதன் பின்னே. கடைக்குட்டிக்குக் கொல்லையிலே, கிணற்றருகே. அவள் தெருவுக்கு வர வேலியோரமாக ஒரு கையொழுங்கை விடப்படும். அவளுடைய பெண்கள் மணமுடிக்கும் காலத்தில் அதிலிருந்து இன்னொன்று கிளைத்து, யாரோ ஒருவருடைய மாட்டுக் கொட்டிலில் முட்டி நின்றுவிடும். நொத்தாரிசு உறுதி எழுதும்போது கிணற்றிற் பங்கும் வழி வாய்க்கால் உரித்தும் தவறாமற் சேர்ப்பார். பங்கோ, தலைமுறை தோறும் நுண்ணிய பின்னமாகும். எமர்சன் டெனன்ற் என்பார் இலங்கையைப் பற்றி 1859இல் வெளியிட்ட தம் நூலிலே, தென்னிலங்கையின் காலியில் பத்துத் தென்னைகளின் 2520இல் ஒரு பங்கிற்காக நடந்த வழக்கொன்றைக் குறிப்பிடுகிறார். ஒன்று முதற் பத்து வரையுள்ள எல்லா எண்களாலும் மிச்சமின்றி வகுபடும் மிகச்சிறிய எண் 2520 என்பது கணக்கறிந்தோர்க்கு இன்பந் தருமேயன்றி, வழக்காளிக்கு ஒரு குரும்பட்டியும் தந்திராது.

இன்னொரு விசித்திரத்தையும் இச்சாஸ்திரம் விட்டுவிடலாகாது. வேலியென்பது நில்லாத எல்லை. கிளுவையும் பூவரசும் முள்முருக்குமாகிய கதியால்கள் உயிருள்ளவை. அடைக்குந்தோறும் ஒரு விரற்கடை அப்பால் நட்டுவிடலாம் என்னும் சபலத்தாலே மூண்ட சண்டைகள் கச்சேரிக்கும் நீதிமன்றத்துக்கும் நல்ல தீனியாயின. ஆனால் அதே வேலியிலேதான் ஆள் நுழையும் பொட்டும் கண்டாயமும் இருந்தன. தெருவழியே சுற்றிப் போனால் கால் மைல் தொலைவிலுள்ள தமக்கை வீட்டுக்குப் பொட்டுக்குள்ளால் பத்தடியிலே போய், ஒரு பிடி உப்போ நெருப்புத் தணலோ வாங்கி வருவாள் தங்கை. நில அளவையாளர் வரைந்த எந்தப் படத்திலும் இவ்வழி காணப்படாது; சண்டை மூண்டால் ஒரே இரவில் அடைபடவும், பிள்ளைப்பேறு வந்தால் மறுபடி திறக்கவும் வல்லது. என் மதிப்பில், ஒழுங்கையைக் காட்டிலும் ஆராயத்தக்கது இந்தப் பொட்டே.

இப்போது பல இடங்களில் மதில் எழுந்து பொட்டுகள் மறைந்துவிட்டன. முடக்குகள் மட்டும் அப்படியே இருக்கின்றன. சென்ற மாரியிலே வழி தவறி நின்ற என்னிடம், படலையடியில் நின்ற மூதாட்டி ஒருத்தி, "உந்த ஒழுங்கையாலை நேரே போய், புளியடி முடக்கிலை திரும்புங்கோ தம்பி" என்றாள். நேரே போகவும் வழியில்லை, அங்கே புளியும் இல்லை. மரம் எங்கே அம்மா என்றேன். "அது எங்கட பேரனார் காலத்திலையே தறிச்சாச்சு" என்றாள்.