காலியான நாற்காலிகள்: கரிசல் வட்டார இடைத்தேர்தல்கள், 1957–2019

கோவில்பட்டியை நடுவில் வைத்துப் பார்த்தால் மேற்கே சங்கரன்கோவில், வடக்கே சாத்தூர், கிழக்கே விளாத்திகுளம், தென்கிழக்கே ஓட்டப்பிடாரம். 2012 மார்ச்சுக்கும் 2019 மே மாதத்துக்கும் இடையில் இந்த நான்கு சட்டமன்றத் தொகுதிகளும் இடைத்தேர்தலைக் கண்டுவிட்டன. இடைத்தேர்தல் என்றாலே யார் ஜெயித்தார், எவ்வளவு இறைத்தார்கள் என்றுதான் பேச்சு ஓடும். இக்கட்டுரை அதற்கு ஒரு படி முன்னால் போய், நாற்காலி எதனால் காலியானது என்று கேட்கிறது. அறுபது ஆண்டுகளில் அதிகம் மாறியிருப்பது அந்தக் காரணம்தான்.

கரிசலின் கிழக்கு ஓரத்து முதுகுளத்தூரிலிருந்து தொடங்கலாம். 1957 பொதுத்தேர்தலில் முத்துராமலிங்கத் தேவர் ஸ்ரீவில்லிபுத்தூர் மக்களவைத் தொகுதியிலும் முதுகுளத்தூர் சட்டமன்றத் தொகுதியிலும் வென்றார். மக்களவையை வைத்துக்கொண்டு சட்டமன்ற இடத்தை விட்டார். ஜூலையில் நடந்த இடைத்தேர்தலில் ஃபார்வர்டு பிளாக்கின் சசிவர்ணத் தேவர் வெற்றி பெற்றார். அதையொட்டி மூண்ட பகை கலவரமாயிற்று. செப்டம்பர் 11 அன்று பரமக்குடியில் இம்மானுவேல் சேகரன் கொலையுண்டார். கலவரத்துக்கு இடைத்தேர்தலே காரணம் என்று எழுதுவது அவசரப் புத்தி. தீண்டாமையை எதிர்த்து எழுந்த குரலும் அதன்மீது வளர்ந்த ஆத்திரமும் அதற்கு முன்பே இருந்தவை. ஆறிக்கொண்டிருக்க வேண்டிய தேர்தல் சூட்டை நான்கே மாதத்தில் மறுபடி கிளறிவிட்டது அந்த வாக்குப்பதிவு என்ற அளவில் நிறுத்திக்கொள்ளலாம்.

அடுத்த காரணம் சாவு. சங்கரன்கோவில் உறுப்பினரும் அமைச்சருமான சொ. கருப்பசாமி 2011 அக்டோபரில் காலமானார். காலியிடத்தை ஆறு மாதத்துக்குள் நிரப்ப வேண்டும் என்று மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தில் 1996இல் சேர்த்த 151ஏ பிரிவு சொல்கிறது. கெடு தப்பாமல் 2012 மார்ச் 18 அன்று வாக்குப்பதிவு நடந்தது. மாநிலமெங்கும் மின்வெட்டு நெருக்கிய நேரம். விசைத்தறிகள் நிறைந்த ஊரில் அதன் வலி சொல்லித் தெரிய வேண்டியதில்லை. அமைச்சர்கள் பட்டாளமாக வந்து இறங்கினார்கள். அ.தி.மு.க.வின் முத்துச்செல்வி 68,000க்கும் அதிகமான வாக்கு வித்தியாசத்தில் வென்றார். வைகோவின் கலிங்கப்பட்டி இந்தத் தொகுதிக்குள்தான் இருக்கிறது. அவருடைய கட்சிக்குக் கிடைத்தது மூன்றாமிடம். முடிவைவிட நாட்காட்டிதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. வாக்குப்பதிவு முடிந்த மறுநாளே, மார்ச் 19 அன்று, கூடங்குளம் அணு உலையைத் திறக்கத் தமிழக அமைச்சரவை ஒப்புதல் கொடுத்தது.

பணப் பட்டுவாடாவுக்கே பெயராகிப்போன திருமங்கலம் 2009 ஜனவரியில் நடந்தது. அதுவும் உறுப்பினர் இறந்ததால் வந்த தேர்தல். அதே ஆண்டு டிசம்பரில் திருச்செந்தூரில் வேறொரு வகை: அனிதா ராதாகிருஷ்ணன் அ.தி.மு.க. உறுப்பினராக இருந்து பதவியைத் துறந்து, தி.மு.க. வேட்பாளராக அதே தொகுதியில் நின்று வென்றார். நாற்காலியைத் தானாகக் காலிசெய்து தானே திரும்ப உட்காரும் வழி அங்கே தெரிந்துவிட்டது.

இதற்கெல்லாம் மேலே போனது 2017. ஆகஸ்டில் முதல்வர் எடப்பாடி பழனிசாமிக்கு ஆதரவில்லை என்று ஆளுநரிடம் கடிதம் கொடுத்தவர்களில் 18 பேரைச் சபாநாயகர் ப. தனபால் செப்டம்பர் 18 அன்று தகுதிநீக்கம் செய்தார். விளாத்திகுளம், ஓட்டப்பிடாரம், சாத்தூர் மூன்றும் அதில் அடக்கம். உயர் நீதிமன்றத் தடை வந்ததால் ஆறு மாதக் கெடு செல்லாக்காசானது. 2018 ஜூனில் இரு நீதிபதிகளும் இருவேறு தீர்ப்புச் சொன்னார்கள். மூன்றாவது நீதிபதி அக்டோபர் 25 அன்று நீக்கம் செல்லும் என்றார். விளாத்திகுளத்துக்கும் சாத்தூருக்கும் 2019 ஏப்ரல் 18 அன்று வாக்குப்பதிவு. ஓட்டப்பிடாரத்தில் 2016 முடிவை எதிர்த்துப் போட்ட வழக்கு நின்றதால் மே 19 வரை இழுத்தது.

ஆக, இருபது மாதம் ஆளில்லை. கரிசல் கணக்கில் சொன்னால் இரண்டு புரட்டாசி விதைப்பு. அதில் இரண்டாவது, மக்காச்சோளத்தைப் படைப்புழு குருத்தோடு தின்றுபோட்ட 2018. நிவாரண மனுவைச் சட்டமன்றத்துக்குக் கொண்டுபோக இந்த மூன்று தொகுதிக்கும் உறுப்பினர் இல்லை. பிரசார வேன்கள் வந்தபோது சித்திரை வெயில். பருத்திமார் பிடுங்கிய காடு வெடித்துக் கிடந்தது. பிழைப்பு என்று இருந்தவை கரிமூட்டமும் தீப்பெட்டி ஆபீசும்தான்.

அந்த இரண்டு மாதங்களிலும் மாநிலத்தில் நடந்த 22 இடைத்தேர்தல்களில் தி.மு.க. 13, அ.தி.மு.க. 9. ஆட்சி பிழைத்தது அந்த ஒன்பதால். சாத்தூர், விளாத்திகுளம், பரமக்குடி, மானாமதுரை ஆகிய நான்கும் அந்த ஒன்பதுக்குள் வருகின்றன. ஏறக்குறைய பாதி, தெற்கத்தி வானம்பார்த்த சீமை கொடுத்தது. சாத்தூரில் வித்தியாசம் 500 வாக்குக்கும் குறைவு. ஓட்டப்பிடாரம் தி.மு.க.வின் சண்முகையாவுக்குப் போனது.

விளாத்திகுளத்தில் வென்ற சின்னப்பனை எதிர்த்து, அதே கட்சியின் முன்னாள் உறுப்பினர் மார்க்கண்டேயன் சுயேச்சையாக நின்று 27,000க்கும் மேல் வாக்கு வாங்கினார். 2021 பொதுத்தேர்தலில் அவரே தி.மு.க. வேட்பாளராக வந்து சின்னப்பனைத் தோற்கடித்தார். இருபது மாதம் காத்திருந்து பெற்ற உறுப்பினர் தொகுதியில் இருந்தது இரண்டு ஆண்டுக்கும் குறைவு.