அலையை வென்ற ஆரத்தி

பிச்சாவரத்துக் கால்வாய்களில் ஓதம் ஏறும் நேரத்தையும் வற்றும் நேரத்தையும் நம் ஊர்ச் சிறுவன் கடிகாரமின்றியே கூறிவிடுவான். சுரபுன்னை வேர்களுக்கிடையே மூழ்குவான், மறுகரையில் முளைப்பான். அவன் தமக்கையோ கரையில் நிற்பாள். நீ ஏனம்மா நீந்தவில்லை என்று வகுப்பில் கேட்டோம். "பொம்பளைப் பிள்ளைக்கு நீச்சல் எதுக்கு சார்?" என்றாள். அவள் விடையன்று அது; அவளுக்கு ஊர் சொல்லிக்கொடுத்த விடை. இதே கழியில் இடுப்பளவு நீரில் நின்று கையால் தடவி இறால் பிடிக்கும் இருளர் மகளிர் உண்டு. பிழைப்புக்காகப் பெண் நீரில் இறங்கினால் குற்றமில்லை. நீந்தக் கற்றால் மட்டும் குற்றமாம்! என்னே நியாயம்!

இந்த விடை நமக்கு மட்டும் உரியதன்று. ஆங்கிலக் கால்வாயைக் கடக்கும் வலிமை பெண்ணுடலுக்கு ஏது என்று மேனாட்டிலும் கேட்டனர். 1926 ஆகஸ்டு 6 அன்று அமெரிக்க நங்கை கெர்ட்ரூடு எடர்லி அதை 14½ மணி நேரத்தில் கடந்தார். அதுவரை ஆடவர் நாட்டியிருந்த வேகத்தை ஏறத்தாழ இரண்டு மணி நேரத்தால் முந்தினார். ஆசியப் பெண்ணொருத்தி அக்கரை சேர மேலும் 33 ஆண்டுகள் ஆயின. அவர்தாம் வங்கத்து ஆரத்தி சாகா.

1940 செப்டம்பர் 24 அன்று கல்கத்தாவில் நடுத்தரக் குடும்பத்தில் பிறந்தவர். தாயைச் சிறுவயதிலேயே இழந்தவர். நான்கு வயதில் மாமனோடு சம்பதாலா நீர்த்துறைக்குக் குளிக்கச் சென்ற குழந்தை, அங்கேயே நீந்தக் கற்றது. தந்தை அவளை ஹாட்கோலா நீச்சற் சங்கத்தில் சேர்த்துவிட்டார். 1951இல் தில்லியில் நடந்த முதல் ஆசியப் போட்டியில் பொன் வென்ற சச்சின் நாக், அவளது திறனைக் கண்டு பயிற்றுவித்தார். 1952இல் எல்சிங்கி ஒலிம்பிக்குக்கு இந்தியா அனுப்பிய பெண்கள் நால்வர். அவர்களுள் இளையவர் ஆரத்தி, வயது பதினொன்று! நம் வகுப்பில் ஆறாம் வகுப்புப் பெண்ணின் வயது.

1958இல் டாக்காவைச் சேர்ந்த பிரோஜன் தாஸ் ஆங்கிலக் கால்வாயை நீந்திக் கடந்தார். அச்செய்தி ஆரத்தியின் நெஞ்சில் நெருப்பை மூட்டியது. 1959 ஆகஸ்டு 27 அன்று அவரும் பிரான்சுக் கரையில் நின்றார். வழிகாட்டும் படகு 40 நிமிடம் தாமதித்து வந்தது. நாற்பது நிமிடந்தானே என்று நகைக்க வேண்டா. அக்கால்வாய் நேர்க்கோட்டில் 33 கிலோமீட்டர்தான். ஆனால் அங்கே நேர்க்கோட்டில் நீந்தியவர் எவருமில்லை. ஏறத்தாழ ஆறு மணிக்கொருமுறை ஓத நீரோட்டம் திசை மாறும். நீந்துவோரை ஒருபுறம் தள்ளும், பின்னர் மறுபுறம் இழுக்கும். கரையை நெருங்கும் வேளையும் ஓதத்தின் வேளையும் பொருந்தினால்தான் வெற்றி. நம் ஊர்த் துடுப்புக்காரர் எவரைக் கேட்டாலும் இதைச் சொல்வார். இங்கிலாந்துக் கரை ஐந்தே மைல் தொலைவில் தெரிந்தது, எதிர்நீரோட்டம் மறித்தது. மணிக்கணக்கில் போராடியும் இரண்டு மைலுக்கு மேல் முன்னேற முடியவில்லை. முயற்சியைக் கைவிட நேர்ந்தது.

ஊர் திரும்பினாரா? இல்லை! செப்டம்பர் 29 அன்று அதே கிரினே முனையில் மீண்டும் இறங்கினார். உடலெங்கும் கொழுப்புப் பூச்சு, எலும்பை நடுக்கும் குளிர்நீர், படகைத் தொட்டாலே தோல்வி என்னும் விதி. 16 மணி 20 நிமிடம் நீந்தி இங்கிலாந்தின் சாண்டுகேட்டுக் கரையில் கால் ஊன்றினார். வயது பத்தொன்பது.

நீச்சல் எதற்கு என்ற கேள்விக்கு நம் மாவட்டமே கண்ணீரால் ஒரு விடை எழுதியிருக்கிறது. 2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலையில் கடலூர் மாவட்டத்தில் மாண்டோர் பற்றி ஆக்சுபாம் அமைப்பு 2005இல் தந்த கணக்கு: ஆண்கள் 146, பெண்கள் 391. நீச்சல் ஒன்றே காரணம் என்று நாம் கூறமாட்டோம். ஆடவர் பலர் அந்நேரம் ஆழ்கடலில் இருந்தனர். அங்கே அலை ஓங்கவில்லை. பெண்கள் மீனுக்காகக் கரையில் காத்திருந்தனர். குழந்தைகளை விட்டுவிட்டு ஓட மனமின்றி நின்றனர். ஆயினும் நீந்தவும் மரமேறவும் பெண்களைவிட ஆண்களே மிகுதியாக அறிந்திருந்ததும் அவ்வறிக்கையில் ஒரு காரணமாக நிற்கிறது.

1960இல் ஆரத்திக்குப் பத்மசிறீ வழங்கப்பட்டது. விளையாட்டுத் துறைப் பெண்களுள் அதை முதலிற் பெற்றவர் அவரே. 1994 ஆகஸ்டு 23 அன்று மஞ்சட்காமாலையால் மறைந்தார். 1999இல் அவர் உருவம் தாங்கிய அஞ்சல்தலை வெளிவந்தது. அதன் படத்தை வகுப்பில் காட்டினோம். விடை சொன்ன அதே பெண் நெடுநேரம் பார்த்தாள். "இவங்களுக்கு முதல்ல நீச்சல் சொல்லிக் குடுத்தது யார் சார்?" என்றாள். மாமன் குளிக்க அழைத்துச் சென்ற கதையைச் சொன்னோம். அவள் தாய்மாமன் பிச்சாவரத்தில் படகோட்டுகிறாராம்.