மித்தித்தேய்: உறை தீர்ந்த கதையும் உதிர்ந்த பெயரும்

ருமேனியத் தலைநகர் புக்கரெஸ்டில் கரியடுப்பு புகைகிற இடங்களில் இறைச்சியோடு ஒரு கதையும் பரிமாறப்படும். பழைய நகரின் கோவாச் தெருவில் யோர்தாக்கே என்பவரின் உணவுச்சாலை சாசேஜுக்குப் பேர்போனது. ஒரு நாள் இரவு கூட்டம் நெரிந்தது. குடல் உறை தீர்ந்துபோயிற்று. அரைத்து வைத்த இறைச்சியைச் சமையல்காரர் உறையில்லாமலே உருட்டிக் கம்பிமேல் போட்டார். தின்றவர்கள் மயங்கிப்போய், “அந்தச் சின்னதுகளை இன்னும் கொண்டா” என்றார்கள். அன்று முதல் அது மித்தித்தேய், பொருள், ‘சின்னஞ்சிறியவை’.

ஒரு பண்டமும் அதன் பெயரும் ஒரே இரவில் பிறந்ததாகச் சொல்லும் எந்தக் கதையையும் சொல்லாராய்ச்சி நம்பக்கூடாது. இந்தக் கதையைச் சமையல் நூல்களும் சுற்றுலாக் கையேடுகளும் சொல் மாறாமல் ஒப்பிக்கின்றன. ஒப்பிப்பவர்களில் ஒருவராவது வீட்டில் மித்தித்தேய் செய்து பார்த்திருந்தால் இது இவ்வளவு நாள் ஓடியிருக்காது.

செய்முறையைப் பார்த்தாலே விஷயம் விளங்கும். மாட்டின் கழுத்துக் கறி முதன்மை. அதோடு ஆட்டுக்கறியோ ஆட்டுக்கொழுப்போ சேரும். இன்று பல வீடுகளில் பன்றிக்கறியும் சேர்கிறது. இரண்டு முறை அரைக்க வேண்டும். உப்பு, மிளகு, கொத்தமல்லி விதை, சிம்ப்ரு என்னும் மூலிகை, நசுக்கிப் பிழிந்த பூண்டுச் சாறு, கிலோவுக்கு ஒரு தேக்கரண்டி அளவில் சமையல் சோடா. பிறகு எலும்பு வேகவைத்த சாற்றைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கையால் பிசைய வேண்டும். தொடக்கத்தில் சாறு பாத்திரத்தின் அடியில் தேங்கி நிற்கும். பிசையப் பிசைய இறைச்சி அதைக் குடித்து, விரல்களில் பசைபோல ஒட்டிக்கொண்டு, கையைத் தூக்கினால் கூடவே எழும். உப்பு இறைச்சியின் புரதத்தை இளக்கிப் பசையாக்குகிறது. சோடா காரத்தன்மையைக் கூட்டி அந்தப் புரதம் நீரைப் பிடித்துவைக்கச் செய்கிறது. முட்டை இல்லை, ரொட்டித்தூள் இல்லை, வெங்காயம் இல்லை. இந்தக் கலவை ஓர் இரவு குளிரில் கிடக்க வேண்டும். மறுநாள் கையை நனைத்துக்கொண்டு பெருவிரலைவிடச் சற்றுப் பருமனாக, நாலு விரற்கடை நீளத்துக்கு உருட்டி, கனன்ற கரிமேல் புரட்டிப் புரட்டிச் சுட்டால், உறை இல்லாமலே உருக்குலையாமல் உப்பி நிற்கும்.

உறைக்கென்று அரைத்த சாதாரண சாசேஜ் கலவையை அப்படியே கம்பிமேல் போட்டுப் பாருங்கள். பாதி உதிர்ந்து நெருப்பில் விழும். அவசரத்தில் வந்த யோசனையாக இது இருக்க முடியாது. உறை தீரவில்லை, இதற்கு உறை என்ற ஒன்று எந்தக் காலத்திலும் இருந்ததில்லை.

இனி சொல்லுக்கு வருவோம். இதே பண்டத்துக்கு இரண்டு பெயர்கள்: மித்தித்தேய், மிச். இரண்டும் பன்மை. ஒருமையில் முன்னது மித்தித்தெல், பின்னது மிக். ‘மிக்’ என்றால் ருமேனிய மொழியில் சிறிய. மித்தித்தெல் அதே குடும்பத்துக் குறுமைச் சொல், ‘சிறிய’ என்பதைக் கொஞ்சலாகச் சொல்வது. மிக் பன்மையில் மிச் ஆவதைப் பார்த்துத் தமிழ் வாசகர் திகைக்க வேண்டியதில்லை. இகர எகரத்தின் முன் ககரம் சகரமாவது நம் வீட்டுச் சங்கதி. கன்னடத்தின் ‘கிவி’ நமக்குச் ‘செவி’ ஆனது அந்த வழியில்தான். (மிச் என்பதை மிச்சத்தோடு முடிச்சுப் போட்டு, ‘மிஞ்சிய கறியில் செய்தது’ என்று நம்மூரில் யாராவது கிளம்புமுன் சொல்லிவிடலாம்: தொடர்பு கிடையாது.)

மிக் எங்கிருந்து வந்தது? அகராதிகள் பெரும்பாலும் இலத்தீனில் ‘மிக்குஸ்’ என்ற ஒரு வடிவத்தைக் காட்டி, அதற்குமுன் ஒரு நட்சத்திரக் குறி போடுகின்றன. நட்சத்திரம் போட்டால் ஏட்டில் காணப்படாத, ஊகித்து அமைத்த சொல் என்று பொருள். சிலர் அதற்கும் பின்னால் போய்க் கிரேக்கக் கிளைமொழியின் ‘மிக்கோஸ்’ வரை செல்வர். இவ்வளவு சுற்றுவானேன்? இலத்தீனில் ‘மிகா’ என்றால் துணுக்கு, ரொட்டித் துகள். ருமேனிய மொழியில் ‘ஒன்றுமில்லை’ என்பதற்கு ‘நிமிக்’ என்கிறார்கள். ‘நெ மிகா’, ஒரு துகள்கூட இல்லை என்ற இலத்தீன் தொடர் அது. நிமிக்கில் மிகா உயிரோடு இருக்கும்போது மிக்கில் மட்டும் இல்லை என்பது பொருந்தாது. பால்கனின் தெற்கே வாழும் அரோமானியரும் ‘சிறிய’ என்பதற்கு ‘ஞிக்’ என்கிறார்கள். சொல் மிகப் பழையது, உணவுச்சாலையில் பிறந்ததல்ல. காலை உணவுக்குப் பெயர் ‘மிக் தெஜூன்’, சிறிய சாப்பாடு. சிறைச்சாலைக்கு வழங்கும் கேலிப் பெயர் ‘மித்தித்திக்கா’, சின்னவள்! மித்தித்தெல்லின் பெண்பால்தான் அது.

அந்தச் சின்னவளை நேரில் அறிந்தவர் ஒருவர் இந்தக் கதையில் வருகிறார். நிக்கொலாய் ஒரெஷானு (1833–1890), அங்கதப் பத்திரிகையாளர். எழுத்துக்காகச் சிறை போனவர், அந்தச் சிறைவாசத்தைப் பற்றி நூலும் எழுதியவர். யோர்தாக்கேயின் உணவுச்சாலைக்கு இவர் வேடிக்கையாக ஓர் உணவுப் பட்டியல் எழுதிக்கொடுத்தார், மித்தித்தேய் என்ற பெயரும் அதில்தான் பிறந்தது என்பது இன்னொரு கட்சி. முதல் கட்சியைவிட இது மேல். கதையில் ஓர் ஆளாவது இருக்கிறார். அன்றைய புக்கரெஸ்ட் உணவுச்சாலைகளில் கேலிப் பெயர்களுக்குப் பஞ்சமில்லை. உறையிட்ட ஒரு சாசேஜுக்குப் ‘பாத்ரிச்சியான்’ என்று பெயர். பண்டை ரோமின் மேட்டுக்குடிப் பிரபு. பன்றிக்கறியில் மசாலை சேர்த்த மற்றொன்று ‘திரந்தஃபிர்’, அதாவது ரோஜாப்பூ. அந்தச் சொல் கிரேக்கத்தில் ‘முப்பது இதழ்’ என்பதிலிருந்து வந்தது. ஐஸ் வாளியில் நிற்கும் ஒயினும் சோடாவும் சேர்ந்தால் ‘பத்தேரியே’, பீரங்கி வரிசை.

ஆனால் இந்தக் கூட்டத்தில் மித்தித்தேயை நிறுத்திப் பாருங்கள். பிரபு, ரோஜா, பீரங்கி: இவை உவமையால் வந்தவை, எழுத்தாளன் யோசித்து வைத்தவை. ‘சின்னஞ்சிறியவை’ என்பதில் என்ன உவமை இருக்கிறது, என்ன கேலி இருக்கிறது? பண்பைச் சொல்லிப் பொருளைக் குறிப்பது அது. நன்னூல் படித்தவர்களுக்கு ‘வெள்ளை அடித்தான்’ என்பது நினைவிருக்கும். சுண்ணாம்பு மறைந்து வெள்ளை நின்றது போல, இங்கே பெயர்ச்சொல் மறைந்து சிறுமை நின்றது. பண்பாகுபெயரை யாரும் உட்கார்ந்து இயற்றுவதில்லை. ‘ரெண்டு சாதா, ஒரு ஸ்பெஷல்’ என்று ஓட்டலில் கூவுகிற வாயில் அது தானாக உருவாகும். ஒரெஷானு அதைக் காகிதத்தில் ஏற்றியிருக்கலாம். அதற்குமேல் அவருக்குப் பங்கில்லை.

அப்படியானால் மறைந்த பெயர்ச்சொல் எது? இங்கேதான் வழக்கு.

‘கிர்னாத்’ என்பர் பலர். ருமேனிய மொழியில் சாசேஜுக்குப் பொதுப்பெயர் அது; இறைச்சியைக் குறிக்கும் இலத்தீன் வேரிலிருந்து வந்தது. ‘சின்னக் கிர்னாத்துகள்’ என்பதில் கிர்னாத் உதிர்ந்து சின்னது நின்றது என்பது அவர்கள் வாதம். இலக்கணம் இடம்கொடுக்கும், பண்டம் இடம்கொடாது. கிர்னாத் பன்றியோடு பிறந்தது. டிசம்பர் 20, இக்னாத் நாளன்று ருமேனியக் கிராமங்களில் கிறிஸ்துமஸ் பன்றியை அறுப்பார்கள்; குடலைக் கழுவி, கறியை அடைத்து, புகையில் தொங்கவிடுவார்கள். கிர்னாத் குளிர்காலத்தது, சேமித்து வைப்பது, குடலோடு கூடியது. மித்தித்தேய் மாட்டிலும் ஆட்டிலும் வந்தது. சுட்ட சூட்டில் தின்பது. மே முதல் நாள் குடும்பத்தோடு புல்வெளிக்குக் கிளம்பிக் கடுகுச் சாந்து, ரொட்டி, பீரோடு சாப்பிடுவது. ஒன்றிலிருந்து மற்றது பிறந்தது என்பவர்கள் நாவை நம்பாமல் அகராதியை நம்புகிறவர்கள்.

எல்லைக்கு அப்பால் பார்த்தால் விடை கிடக்கிறது. செர்பியர் இதன் உடன்பிறப்பை ‘செவப்சிச்சி’ என்கிறார்கள். செவப் என்பது கபாப். பின்னால் வருவது குறுமை விகுதி. சின்னக் கபாப். பல்கேரியர் ‘கெபப்சே’ என்கிறார்கள். அதுவும் கபாபோடு குறுமை விகுதி சேர்ந்தது, சின்னக் கபாப்தான். கிரேக்கரின் ‘சுட்சுகாக்கி’ துருக்கியரின் சுஜுக் என்னும் சாசேஜ் பெயரோடு ‘ஆக்கி’ என்ற குறுமை விகுதி சேர்ந்தது. டான்யூப் ஆற்றுக்குத் தெற்கே உறையில்லாமல் உருட்டிச் சுட்ட இறைச்சிக்குப் பெயர் வைத்தவர்கள் துருக்கிப் பெயரை எடுத்தார்கள், தம் மொழியின் குறுமை விகுதியை ஒட்டினார்கள். வடகரையில் மட்டும் பெயர் உதிர்ந்து குறுமை தனியாக நிற்கிறது.

ஐரோப்பிய ஒன்றியத்தின் சட்டப் புத்தகமே இந்த உறவுக்குச் சாட்சி. சோடா சேர்ப்பது சேர்க்கைப்பொருள் விதிகளுக்கு முரண் என்று 2013இல் பிரச்சினை எழுந்தது. ருமேனியாவில் ‘மிச்சுக்குத் தடையா’ என்று பத்திரிகைகள் கொதித்தன. 2014 ஜூனில் வந்த 601/2014 எண் ஒழுங்குமுறை, சோடா சேர்க்க அனுமதி பெற்ற பண்டங்களை வரிசையாகச் சொல்கிறது. அதில் மிச், கிரேக்கரின் பிஃப்தெக்கி, சுட்சுகாக்கி, கெபப், சைப்ரஸின் ஷெஃப்தாலியா, செவப்சிச்சி, ப்ளெஸ்கவித்சா எல்லாம் ஒரே வரியில் உட்கார்ந்திருக்கின்றன. மொழியியலாளர் செய்யாத குடும்ப மரத்தைச் சட்ட வரைவாளர் போகிறபோக்கில் வரைந்துவிட்டார். துருக்கியில் பூர்சா மாகாணத்து இனெகோல் ஊரின் கோஃப்தேயும் இதே நீள உருளை. அதிலும் சோடா உண்டு.

கோஃப்தே இருக்க ருமேனியர் அதை ஏன் எடுக்கவில்லை என்று கேட்கலாம். எடுத்தார்கள், வேறு பண்டத்துக்கு. எண்ணெயில் பொரித்த இறைச்சி உருண்டைக்கு ருமேனியப் பெயர் ‘கிஃப்தியா’. துருக்கிக் கோஃப்தேயின் ருமேனிய உச்சரிப்பு. இடித்தல் என்று பொருள்படும் பாரசீக வினையிலிருந்து வந்த அதே சொல்தான் நம் ஓட்டல்களின் கோஃப்தா. அந்த இருக்கை நிரம்பிவிட்டதால் கரியில் சுட்டதற்கு வேறு பெயர் வேண்டியிருந்தது. துருக்கிச் சொல் வராதா என்றால், ருமேனிய அடுக்களை முழுக்க அவைதான்: புளிப்புச் சாறு ‘சொர்பா’, இலையில் சுருட்டிய ‘சர்மாலே’, உப்பிட்டு உலர்த்திய ‘பஸ்த்ரமா’.

மசாலையைக் கவனித்தாலும் இந்தக் கலப்பு தெரியும். சிலர் சேர்க்கும் ஆல்ஸ்பைஸுக்கு ருமேனியப் பெயர் ‘யெனிபஹார்’. துருக்கியில் ‘புது மசாலை’, அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்ததால் அப்படி. மிளகு ‘பிப்பெர்’, கிரேக்கம் வழியாகப் போன நம் பக்கத்துத் திப்பிலியின் பெயர் அது, காய் மாறியும் பெயர் மாறவில்லை. சிம்ப்ரு, கிரேக்கரின் ‘தும்ப்ரா’வோடு உறவுள்ளது. பூண்டுக்கு மட்டும் உள்ளூர்ப் பெயர்: ‘உஸ்துரோய்’, சுருக்கென்று எரிப்பது. அதற்கு முந்தைய பெயர் இலத்தீன் வழிவந்த ‘ஆய்’. அது இன்று பேச்சில் அருகிப்போனாலும் பூண்டுச் சாறான ‘முஷ்தேய்’ என்ற சொல்லின் வாலில் ஒட்டிக்கொண்டிருக்கிறது. ‘முஸ்த் தெ ஆய்’, பூண்டின் சாறு. மித்தித்தேய் இறைச்சியில் சேர்வதும் இந்தச் சாறுதான்.

கான்ஸ்தன்தின் பக்கல்பாஷா 1935இல் ‘சமையல் சர்வாதிகாரம்’ என்று பொருள்படும் தலைப்பில் 1501 பண்டங்களுக்குச் செய்முறை எழுதியபோது மித்தித்தேய் நிலைபெற்றுவிட்ட தேசியப் பண்டம். அதற்குப் பிறகான சான்றுகளால் இந்த வழக்கில் பயனில்லை. ஒரெஷானுவுக்கு முற்பட்ட ஏடு ஒன்று, ஒரு கசாப்புக் கடைக் கணக்கோ சந்தை வரிப் பட்டியலோ, என்றைக்காவது கிடைக்கும். அதில் மித்தித்தேய்க்கு முன்னால் ஒரு பெயர்ச்சொல் இருக்கும். அது கிர்னாத்தாக இருக்காது, கபாபாகத்தான் இருக்கும்.