நரி பேர் கொண்ட ராஜா: கொல்லிமலை ஓரியும் ஒரு பாணர் குழுவும்

ஏற்காடு சேர்வராயன் கோயில் குன்று வரைக்கும் நம்மில் பல பேர் போயிருப்போம். பனி, காபித் தோட்டம், குகைக்குள்ள சாமி. அங்க நின்னா, ‘ஓநாயா மாறுற இளவரசன், அவனைக் காதலிக்கிற பொண்ணு’ டைப் நாவல் எழுதத் தோணும். ஆனா அந்த மாதிரி கதைக்கான சாமான் எல்லாம் 2000 வருஷம் முன்னாடியே பக்கத்து மலையில இருந்தது. இன்னைக்கு நாமக்கல் மாவட்டத்துல இருக்கிற கொல்லிமலை.

முதல்ல ராஜா. பேர் வல்வில் ஓரி, கடையெழு வள்ளல்கள்ல ஒருத்தர். நிகண்டுகளைத் திறந்தா ‘ஓரி’ன்னா நரி. அதே சொல்லுக்குப் பிடரிமயிர்னும் பொருள் உண்டு. அவரோட குதிரைக்கும் ஓரின்னுதான் பேர்னு சிறுபாணாற்றுப்படை சொல்லுது. அதனால பிடரிமயிர்தான் பொருத்தமான அர்த்தம்னு எனக்குப் படுது. ஆனாலும் காட்டுல தனியா வேட்டையாடுற ராஜாவுக்கு நரியோட பேர். சும்மா சொல்லக் கூடாது, நல்லாவே இருக்கு!

அடுத்தது இசை. வன்பரணர் பாடின புறநானூறு 152-ல, வறுமையில வந்த ஒரு பாணர் குழு காட்டுல ஒரு வேட்டைக்காரரைப் பார்க்குது. அவர் விட்ட ஒரே அம்பு யானை, புலி, மான், பன்றின்னு துளைச்சுப் போய், கடைசியில புற்றுல இருந்த உடும்புல நிக்குது. மார்புல ஆரம் மின்னுது. ‘இவர் வெறும் வேடரா இருக்க முடியாது’ன்னு குழுத் தலைவருக்குச் சந்தேகம். உடனே வாத்தியத்தை எடுக்கச் சொல்றார். முழவுக்கு மண் பூசுறாங்க, யாழுக்குப் பண் சேர்க்கிறாங்க. யானைத் துதிக்கை மாதிரி நீண்ட தூம்பு, எல்லரி, ஆகுளி, பதலை எல்லாம் தயார்.

செல்லோ கலைஞர்களுக்கு பாக் எழுதின 6 தனித் தொகுப்புகள் எப்படியோ, அப்படி இவங்ககிட்டயும் ஒரு வரிசை இருந்தது: மூவேழ், அதாவது 21 துறை. மூணு ஸ்தாயியில ஏழேழுன்னு பழைய உரை விளக்குது. அதை முறையாப் பாடி முடிச்சு ‘கோ’ன்னு விளிக்கிறாங்க. கோன்னா அரசன். வேட்டைக்காரர் வெட்கப்பட்டுத் தலை குனியுறார். மாட்டிக்கிட்டார்! அப்புறம் மான்கறியும் மதுவும் பொன்னும் அள்ளிக் கொடுக்கிறார். அடுத்த பாட்டுல (புறம் 153) நிலைமை இன்னும் வேடிக்கை. பசி தீர்ந்த பாணர்கள் ஆடவும் பாடவுமே மறந்துட்டாங்களாம்.

சரி, அமானுஷ்யக் காதல் எங்க? அதுதான் கொல்லிப்பாவை. மலையோட மேற்குப் பக்கத்துல தெய்வம் செஞ்ச பெண் உருவம். காத்து, மழை, இடி எதுவும் அதோட அழகைக் குலைக்காது. சிரிச்சே ஆளைக் கொல்லும்னு பின்னால வந்த மரபு சொல்லுது. சங்கக் காதலன் தன் ஆளை வர்ணிக்க இந்த ஆபத்தான அழகியைத்தான் எடுத்துக்கிறான்.

இப்போ வரலாறு. குறுந்தொகை 100-ல கபிலர், ஓரியோட கொல்லியில இருக்கிற பாவைன்னு பாடுறார். குறுந்தொகை 89-ல பரணர் பாடும்போது, அதே பாவை இருக்கிற மலை சேரன் பொறையனோடது. நடுவுல என்ன ஆச்சு? அகநானூறு 209 பதில் சொல்லுது: முள்ளூர் மன்னன் காரி, ஓரியைக் கொன்னு கொல்லியைச் சேரர்கிட்ட கொடுத்துட்டார். காரி ஓரியோட தெருவுல நுழைஞ்சப்ப ஊரே எழுப்பின ஆரவாரத்தை நற்றிணை 320 ஒரு உவமையா மட்டும் சொல்லிட்டுப் போகுது. அதைப் பாடினவரும் கபிலர்னுதான் தொகுப்பு சொல்லுது.

யோசிச்சுப் பாருங்க. ஒரு மலை கைமாறின செய்தி நமக்குக் காதல் பாட்டுகள் வழியாத்தான் வந்து சேருது. காரியும் வள்ளல்தான், கபிலர் அவரையும் புகழ்ந்து பாடியிருக்கார். யார் நல்லவன், யார் வில்லன்னு பிரிக்க இந்தப் பாட்டுகள் இடம் கொடுக்கல. பாவை மட்டும் அப்படியே நிக்குது, மலைக்காரன் பேர்தான் மாறுது.

இன்னைக்கும் ஆடி மாசம் கொல்லிமலையில வல்வில் ஓரி விழா நடக்குது. அடுத்த தடவை 70 கொண்டை ஊசி வளைவு ஏறும்போது, பாட மறந்த அந்தப் பாணர்களையும் நினைச்சுக்கோங்க. அவங்களுக்காக அடுத்து ஒரு கை நீண்டதான்னு எந்தப் பாட்டும் சொல்லல.

அடுத்த எபிசோட்ல பார்ப்போம்.