மல்லாட்டையும் ரேடியோ நெல்லும்

தகவல் தொடர்புத் திறன் என்றாலே தடுமாறாமல் ஆங்கிலம் பேசுவது என்ற எண்ணம் கல்லூரிகளில் பரவலாக இருக்கிறது. ஆனால் ஒரு தொழில்நுட்ப வல்லுநர் தனக்குத் தெரிந்ததை, அதைப் பயன்படுத்த வேண்டியவருக்குப் புரியும்படி சொல்கிறாரா என்பதே உண்மையான சோதனை. இந்தப் பரீட்சையை அதிகம் எழுதியவர்கள் வேளாண் விஞ்ஞானிகள்தான்!

திண்டிவனம் எண்ணெய்வித்து ஆராய்ச்சி நிலையத்தின் டி.எம்.வி. 2 (1940), டி.எம்.வி. 7 (1967) ஆகியவை பெயர்பெற்ற நிலக்கடலை ரகங்கள். டி.எம்.வி. என்பது ஊர்ப்பெயரின் ஆங்கிலச் சுருக்கம். சிக்கல் பெயரிலேயே தொடங்குகிறது. ஆய்வறிக்கையில் அது நிலக்கடலை. விழுப்புரம், திண்டிவனம் பக்கத்துக் கொல்லைகளில் அது மல்லாட்டை. மணிலாக்கொட்டை என்பதே இப்படி மருவியது.

சொல்லும் வழி சரியாக அமைந்தால் என்ன ஆகும் என்பதற்குத் தஞ்சாவூர் மாவட்டம் சான்று. ஆடுதுறை ஆராய்ச்சி நிலையத்தின் ஏ.டி.டி. 27 நெல்லைப் பற்றி 1960களில் திருச்சி வானொலி தொடர்ந்து எடுத்துச் சொன்னது. கேட்ட விவசாயிகள் அந்த ரகத்துக்கே 'ரேடியோ நெல்' என்று பெயர் வைத்துவிட்டார்கள்! எழுத்தும் எண்ணும் யாருக்கு நினைவிருக்கும்?

ஆனால் வானொலியிடம் திருப்பிக் கேள்வி கேட்க முடியாது. 1980களில் உலக வங்கி உதவியுடன் தமிழ்நாட்டில் நடந்த 'பயிற்சி மற்றும் பார்வையிடல்' திட்டம் அந்தக் குறையைத் தீர்க்க முயன்றது. களப்பணியாளர் சில செய்திகளை மட்டும் கற்றுக்கொண்டு, குறித்த நாளில் குறித்த கிராமத்துக்குப் போக வேண்டும்.

அவர் சொல்ல வேண்டியவற்றில் எது கடினம்? ஜிப்சம் ஒரு நல்ல உதாரணம். நிலக்கடலை மேலே பூத்து, விழுது மண்ணில் இறங்கிக் காய்க்கும். காய்க்கு வேண்டிய கால்சியத்தைப் பெரும்பாலும் வேர் கொண்டுவந்து தருவதில்லை. சுற்றியுள்ள மண்ணிலிருந்து காயே உறிஞ்சுகிறது. அது போதாவிட்டால் காய் பொக்காகும். எனவே விதைத்த 45ஆம் நாள் வாக்கில் ஹெக்டேருக்கு 400 கிலோ ஜிப்சம் இட்டு மண் அணைக்க வேண்டும் என்பது பரிந்துரை.

பழைய தென்னார்க்காட்டுக்காரருக்கு ஹெக்டேர் எதற்கு? அவர் கணக்கு காணி, அதாவது 1.32 ஏக்கர். "காணிக்கு நாலேகால் மூட்டை, விழுது இறங்குற இடத்துல செடியோரம் போட்டு மண் அணைங்க, இல்லைன்னா மல்லாட்டை பொக்காப் போயிடும்" என்றால் அவருக்குப் போதும். 50 கிலோ மூட்டைக்கு அந்தக் கணக்கு சரியாகவே வருகிறது. கால்சியம் என்ற சொல்தான் அதில் இல்லை.