ஆயிரம் மணி நேர வெளிச்சம்: ஃபீபஸ் கூட்டின் வரலாறு

ஒளியையும் காலத்தையும் சேர்த்து விலைபேசிய நிறுவனம் என்றால் அது கற்பனைக் கதையில்தான் இருக்கும் என்று தோன்றக்கூடும். அமெரிக்க எழுத்தாளர் தாமஸ் பின்ச்சன் 1973இல் வெளியிட்ட ‘கிராவிட்டீஸ் ரெயின்போ’ நாவலில் அணையாத பல்பு ஒன்றும் அதைத் துரத்தும் ஃபீபஸ் என்ற கூட்டும் வருவதால், அக்கூட்டையும் அவருடைய புனைவு என்றே கருதியவர்கள் உண்டு. ஆனால் ஃபீபஸ், 1924 டிசம்பர் 23 அன்று ஜெனீவாவில் கூடிய உலகின் முன்னணி பல்பு உற்பத்தியாளர்கள், சூரியக் கடவுளான அப்போலோவின் மறுபெயரைச் சூட்டி, சுவிட்சர்லாந்தில் முறைப்படி பதிவுசெய்து நடத்திய நிறுவனம் ஆகும். போட்டி நிறுவனங்கள் விலையையும் விற்பனையையும் தமக்குள் பேசி முடிவுசெய்துகொள்ளும் இத்தகைய ஏற்பாடு கார்ட்டெல் எனப்படும். பொருளின் விலையோடு நில்லாமல் அதன் ஆயுளையும் உலக அளவில் வரையறுத்ததே ஃபீபஸை மற்ற கார்ட்டெல்களிலிருந்து பிரித்துக் காட்டுகிறது.

முதல் உலகப் போருக்குப் பிந்தைய சந்தையின் நிலையற்ற தன்மையே இக்கூட்டுக்கு வித்திட்டது. ஜெர்மனியின் ஓஸ்ராம் நிறுவனம் 1922-23 நிதியாண்டில் 6 கோடியே 30 லட்சம் பல்புகளை விற்றிருக்க, அடுத்த ஆண்டில் அது 2 கோடியே 80 லட்சமாகச் சரிந்தது. 1921இலேயே விலை உடன்பாடு ஒன்றை முயன்று பார்த்திருந்த ஓஸ்ராமின் தலைவர் வில்லியம் மைன்ஹார்ட், அதைவிட விரிவான ஏற்பாடு தேவை என்று கருதினார். நெதர்லாந்தின் பிலிப்ஸ், பிரான்சின் கொம்பனி தே லாம்ப், ஹங்கேரியின் டங்ஸ்ராம், பிரிட்டனின் அசோசியேட்டட் எலக்ட்ரிகல் இண்டஸ்ட்ரீஸ், ஜப்பானின் டோக்கியோ எலக்ட்ரிக் ஆகியவை இதில் இணைந்தன. அமெரிக்காவின் ஜெனரல் எலக்ட்ரிக் நேரடி உறுப்பினராகாமல், தன் வெளிநாட்டுத் துணை நிறுவனங்கள் வழியாகவும் பங்கு முதலீடுகள் வழியாகவும் தொடர்பு வைத்திருந்தது. ஒப்பந்தப்படி உலகம் விற்பனைப் பகுதிகளாகப் பிரிக்கப்பட்டு, ஒவ்வோர் உறுப்பினருக்கும் ஒரு பங்கு ஒதுக்கப்பட்டது; காப்புரிமைகளும் தொழில்நுட்ப அறிவும் பொதுவாக்கப்பட்டன.

அன்றைய பல்புகள் பொதுவாக 1500 முதல் 2000 மணி நேரம் வரை எரிந்த நிலையில், வீட்டு உபயோகப் பல்பின் ஆயுளை 1000 மணி நேரமாகக் குறைக்க உறுப்பினர்கள் உடன்பட்டனர். ஒவ்வோர் ஆலையும் தன் பல்புகளின் மாதிரிகளைச் சுவிட்சர்லாந்திலிருந்த பொது ஆய்வகத்துக்கு அனுப்ப, அங்கே அவை எரியவிடப்பட்டு நேரம் கணக்கிடப்பட்டது. வரம்பை மீறிய அளவுக்கேற்பச் சுவிஸ் பிராங்கில் அபராதம் விதிக்கப்பட்டது. சில உறுப்பினர்கள், வீட்டு இணைப்பின் மின்னழுத்தத்தைவிடச் சற்று உயர்ந்த அழுத்தத்துக்கு வடிவமைத்த பல்புகளை விற்று ஆயுளை மறைமுகமாக நீட்டியபோது, பிலிப்ஸின் தலைவர் அன்டன் பிலிப்ஸே அதைக் கண்டித்து எழுதினார். இக்கண்காணிப்பின் விளைவாக 1926இல் 1800 மணியாக இருந்த சராசரி ஆயுள், 1933-34இல் 1205 மணியாக இறங்கியது. உற்பத்திச் செலவு குறைந்துவந்த போதிலும், அதன் பயன் விலைக் குறைப்பாக நுகர்வோரைப் பெரிதாகச் சென்றடையவில்லை.

இந்த வரையறைக்குத் தொழில்நுட்ப நியாயம் அறவே இல்லை என்று சொல்வது பொருந்தாது. பல்பினுள் சூடேறி ஒளிரும் டங்ஸ்டன் இழை எவ்வளவு சூடாகிறதோ அந்த அளவுக்கு அது செலவிடும் மின்சாரத்துக்குக் கிடைக்கும் வெளிச்சமும் கூடும். ஆனால் அதைவிட வேகமாக இழை ஆவியாகி மெலிந்து விரைவில் அறுந்தும் போகும். வடிவமைத்த அளவைவிட 5 விழுக்காடு குறைந்த மின்னழுத்தத்தில் எரியும் பல்பின் ஆயுள் ஏறத்தாழ இரு மடங்காகிறது. ஆனால் வெளிச்சம் சுமார் 16 விழுக்காடு குறைய, மின்செலவோ 8 விழுக்காடு அளவிலேயே குறைகிறது. ஆகவே 60 வாட் பல்பு ஆயிரம் மணி நேரத்தில், அதாவது 60 யூனிட் செலவில், தரும் வெளிச்சத்தை நீண்ட ஆயுள் கொண்ட பல்பிலிருந்து பெற ஐந்தாறு யூனிட் கூடுதலாகத் தேவைப்படும். கலிபோர்னியாவின் லிவர்மோர் தீயணைப்பு நிலையத்தில் 1901 முதல் எரிந்துவருவதாகப் புகழ்பெற்ற பல்பு தருவது மிக மங்கலான ஒளியே என்பது இங்கு நினைவுகூரத்தக்கது.

எனினும் இதே கணக்குதான் கூட்டின் வாதத்திலுள்ள ஓட்டையையும் வெளிப்படுத்துகிறது. மின்கட்டணம் உயர்ந்து பல்பின் விலை தாழ்ந்திருக்கும் ஊரில் குறுகிய ஆயுள் லாபகரமானது. மின்சாரம் மலிந்த ஊரிலும், ஏணி வைத்தும் எட்டாத உயரத்திலும் நீண்ட ஆயுளே லாபகரமானது. எல்லோருக்கும் பொருந்தும் ஒரே ஆயுள் என்று ஒன்று இல்லை. 1951இல் பல்பு வணிகத்தை ஆராய்ந்த பிரிட்டனின் முற்றுரிமை ஆணையமும், எந்தப் பொது வரையறையும் ஒரு சமரசமே என்று கூறியது. ஆயினும் 1000 மணி என்ற அளவை அது பிழையெனக் கொள்ளவில்லை.

ஃபீபஸின் பிடியைத் தளர்த்தியவர்கள் அதன் வெளியே இருந்தவர்களே. ஜப்பானின் சிறு பட்டறைகளில் கையால் செய்யப்பட்ட மலிவான பல்புகள் உலகச் சந்தையில் புகுந்தன. ஸ்வீடனின் நுகர்வோர் கூட்டுறவு இயக்கம் ‘லூமா’ என்ற சொந்த ஆலையை நிறுவி 1930களின் தொடக்கத்திலிருந்து குறைந்த விலையில் பல்பு விற்றது. 1955 வரை நீடிக்க வேண்டிய ஒப்பந்தம், 1939இல் போர் மூண்டு உறுப்பினர்கள் எதிரெதிர் அணிகளின் நாட்டவராகிவிட்டதால் செயலிழந்தது. ஜெனரல் எலக்ட்ரிக் போட்டிச் சட்டத்தை மீறியதாக 1949இல் நியூ ஜெர்சியின் கூட்டாட்சி நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆயிரம் மணி என்ற அளவோ கூட்டு மறைந்த பின்னரும் குண்டு பல்பின் இயல்பான ஆயுளாகவே நிலைத்தது.

ஆயிரம் மணி நேரத்தில் பல்பு பியூஸ் போனது ஃபீபஸின் குற்றமன்று. மின்செலவுக்கும் ஆயுளுக்கும் இடையே எது தனக்கு உகந்தது என்று முடிவெடுக்கும் உரிமையை, வாங்குபவர் அறியாமலே அவரிடமிருந்து எடுத்துக்கொண்டதும், அதை அபராதம் விதித்துக் காத்ததுமே அதன் குற்றம் ஆகும்.